சொகமா இருக்கேங்க

1

என் மகளுக்கு நான் கற்றுக்கொடுத்த தமிழை எனக்கே சரியாகப் பேச வராது. நீச்சல் தெரியாதவன் கரையில் நின்று கையை ஆட்டி ஆட்டி நீச்சல் பழக்கியது போலத்தான். பிள்ளை நீந்திவிட்டாள். அதுதான் பிரச்சினையாகிப் போனது.

பின்லாந்தில், தம்பரே என்ற ஊரில் பஸ் ஓட்டுகிறேன். அதற்கு முன் இதே ஊரில் பாத்திரம் கழுவினேன், ஆஸ்பத்திரித் தரை துடைத்தேன். அதற்கும் முன்னால் இலங்கையில் இறம்பொடைக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில், லயம் என்கிற வரிசை வீட்டில், ஒற்றை அறைக் காம்பராவில் பிறந்து வளர்ந்தேன். பள்ளி இறுதி ஓ.எல். பரீட்சையில் தமிழுக்குச் சாதாரண சித்தி, அதாவது வெறும் பாஸ். அதுவும் பக்கத்தில் இருந்தவன் புண்ணியம்.

பள்ளிக்கூடம் முடிந்ததும் கொழும்பில் ஒரு புடவைக்கடையில் வேலைக்கு நின்றேன். ஒரு நாள் கடைக்கு வந்தவரிடம், "இங்க எடம் இல்லீங்க, அந்தப் பக்கம் ஒக்காருங்க" என்று சொல்லிவிட்டேன். முதலாளி எல்லார் முன்னாலும் அதை என்னைப் போலவே சொல்லிக் காட்டி, "தோட்டக்காட்டு வாய்" என்றார். சிரித்தார்கள். நானும் சிரித்தேன். கூட்டத்தோடு சேர்ந்து என்னைப் பார்த்தே சிரிப்பது எனக்குச் சின்ன வயதிலிருந்தே வரும். இங்கே வந்த பிறகு ஒரு பொங்கல் விழாவில், நான் வாயைத் திறந்ததும் ஒருவர் அன்பாகக் கேட்டார்: "நீங்கள் மலைநாட்டுப் பக்கமோ?" அன்பாகத்தான் கேட்டார். எனக்குப் புடவைக்கடை ஞாபகம் வந்தது.

அன்றைக்கே முடிவெடுத்தேன். என் பிள்ளை முழு எழுத்தில் தமிழ் பேசுவாள். 'எடம்' இல்லை, இடம். 'ஒலகம்' இல்லை, உலகம். 'தல' இல்லை, தலை. மகளுக்குப் பெயரே மலர்விழி என்று வைத்தேன். எங்கள் லயத்தில் ஒருவருக்கும் முழுசாகச் சொல்ல வராத பெயர். செய்தி வாசிப்பவர்களைப் போட்டுக் கேட்டு, இணையத்தில் பாடம் எடுத்து, வீட்டில் ஒரு சட்டமே போட்டேன்.

அவளுக்கு ஏழு வயதிருக்கும்போது ஒரு சாயங்காலம் வந்து, "அப்பா, தல வலிக்குது" என்றாள்.

"எப்படிச் சொல்ல வேண்டும்? குறிலுக்கு ஒரு மாத்திரை, நெடிலுக்கு இரண்டு. சொல்லு பார்ப்போம்."

"தலை... வலிக்கிறது."

அட்டன் டவுனில் பிறந்த என் மனைவி சரசு அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்தாள். "புள்ளைக்குத் தல வலிக்குதுன்னா மாத்திரையக் குடுங்க. மாத்திரைய எண்ணிக்கிட்டு இருக்காதீங்க."

நான் எண்ணி முடித்துவிட்டுத்தான் கொடுத்தேன்.

சட்டம் எனக்கும் உண்டு. ஞாயிற்றுக்கிழமை ஊருக்குப் போன் எடுத்தால் லெச்சுமி அக்காவிடம், "அக்கா, சுகமாக இருக்கிறாயா?" என்பேன். "சொகமா இருக்கேன் தம்பி" என்பாள். பிறகு மழை பற்றிப் பேசுவோம்.

2

இந்த நாட்டுக்காரர்களின் பாஷையில் குறில், நெடில் உண்டு. நெடில் என்றால் அதே எழுத்தை இரண்டு தரம் எழுதுவார்கள். மொழி வகுப்பில் பக்கத்து மேசை ரஷ்யப் பெண் இதில் தினமும் அழுவாள். நான் ராஜா மாதிரி உட்கார்ந்திருப்பேன். அந்த ராஜா ஒரு நாள் மேலதிகாரியிடம், 'நாளைக் காலை உங்களைச் சந்திக்கிறேன்' என்று சொல்லப் போனான். சந்திக்கிறேன் என்றால் 'தபான்'. அவசரத்தில் 'தபன்' என்றேன். அதற்குக் கொல்கிறேன் என்று அர்த்தம். அந்த மனிதர் முகத்தில் ஒன்றும் காட்டாமல், "எத்தனை மணிக்கு?" என்று கேட்டார்.

வகுப்பு டீச்சர் ஒரு சங்கதி சொன்னார். பழைய காலத்து பின்லாந்து வாய்க்கு ஒரு சொல்லின் வாசலில் இரண்டு மெய்யெழுத்து சேர்ந்து நின்றால் ஆகாதாம். பக்கத்து ஸ்வீடன்காரனின் 'ஸ்கூல' இங்கே வந்து 'கொவ்லு' ஆனது. 'கிளாஸ்' வந்து 'லசி' ஆனது. இடிபடுகிறவனை வாசலிலேயே விட்டுவிட்டு மற்றவனை உள்ளே எடுத்துவிடுகிறார்கள். நான் கையைத் தூக்கி, "எங்கள் தோட்டத்திலும் இதே கதைதான்" என்றேன். ஆனால் நாம் யாரையும் வெளியே விடுவதில்லை. முன்னாலோ நடுவிலோ ஓர் உயிரெழுத்தைப் போட்டு உட்கார இடம் பண்ணிக் கொடுக்கிறோம். இஸ்கூலு, கெலாசு. லக்ஷ்மி என்று சாமி பெயர் வைத்தால் லெச்சுமி. காலையில் வேலைக்கு ஆள் பிரிக்கும் பெரட்டு இருக்கிறதே, அது வெள்ளைக்காரத் துரையின் 'பெரேட்'. நம் ஆட்கள் அந்த 'ரே'யைக் குறுக்கிவிட்டார்கள். குறுக்கிய நீளத்தை வீணாக்கவில்லை. 'ட்'டிடம் கொடுத்து 'ட்டு' ஆக்கினார்கள். டீச்சர் பலகையில் எழுதச் சொன்னார். 'பெரட்டு' என்று ஒரு பின்லாந்துப் பலகையில் எழுதிய முதல் ஆள் நானாகத்தான் இருப்பேன்.

ஆனால் வகுப்பை விட்டு வெளியே வந்தால் வேறு பாஷை. 'நான் இருக்கிறேன்' என்பதற்கு வகுப்பில் 'மினெ ஒலென்'. பஸ்ஸில் ஏறுகிறவர்கள் 'மெ ஓன்' என்பார்கள். 'மெனென்' என்பது 'மேன்' ஆகிறது, 'துலென்' என்பது 'தூன்' ஆகிறது. நடுவில் நின்ற எழுத்து விழுந்துவிடுகிறது, ஆனால் அது பிடித்து வைத்திருந்த நேரம் விழுவதில்லை. பக்கத்து உயிரெழுத்து அதை வாங்கிக்கொண்டு நீண்டுவிடுகிறது. நாட்டில் பெரியவன் சின்னவன் எல்லாரும் வீட்டில் இப்படித்தான் பேசுகிறார்கள்.

நான் மட்டும் இன்றைக்கு வரைக்கும் 'மினெ ஒலென்'தான். பயம். மொழித் தேர்வில் அப்படிப் பேசித்தான் பாஸ் பண்ணினேன். ஒரு பயணி என்னிடம், "நீங்கள் முன்பு வானொலியில் வேலை செய்தீர்களா?" என்று கேட்டார். மகளின் சிநேகிதிகள், "உன் அப்பா பேசினால் வரி இலாகாவிலிருந்து பேசுகிற மாதிரி இருக்கிறது" என்றார்களாம். அவளை அவர்கள் மலர்விழி என்று கூப்பிடுவதில்லை. மல்லா.

இத்தனையும் கண்ணெதிரே பார்த்த மனிதன் வீட்டுக்குப் போய்ச் சட்டத்தைக் கிழித்துப் போட்டிருக்க வேண்டாமா? நான் அதை இன்னும் இறுக்கினேன்.

3

மகளுக்கு இப்போது பத்தொன்பது. தாதிப் படிப்பு. போன கோடை விடுமுறை முழுவதையும் அத்தை வீட்டில் கழிக்கப் போகிறேன் என்று ஒரு நாள் சாப்பாட்டு மேசையில் சொன்னாள்.

"அங்கே உனக்கு யாரைத் தெரியும்?"

"யாரையும் தெரியாது, அப்பா. அதனால்தான் போகிறேன்."

முதல் மூன்று வாரம் நானும் லீவு போட்டுவிட்டுக் கூடப் போனேன்.

அம்மா போன பிறகு என்னை வளர்த்தது லெச்சுமி அக்காதான். புருஷன் இல்லை, மகன் கொழும்பில் வேலை. தனியாக இருந்துகொண்டு இன்னும் மலைக்குப் போய்க் கொழுந்து எடுக்கிறாள். திரீவீலர் லயத்துக்குக் கீழே நின்றதும் அக்கா வாசலுக்கு வந்துவிட்டாள். மகள் இறங்கி, நேராக நின்று, நான் பழக்கிய தமிழில் ஆரம்பித்தாள்.

"வணக்கம் அத்தை. உங்களை நேரில் சந்திப்பதில் மிகவும் மகிழ்ச்சி அடைகிறேன். நீங்கள் நலமாக இருக்கிறீர்களா?"

அக்கா ஓடி வந்து கட்டிப்பிடிக்கக் கையைத் தூக்கியிருந்தாள். அந்தக் கை பாதியில் நின்றது. சேலையில் துடைத்துக்கொண்டு கும்பிட்டாள்.

"சொகமா இருக்கேங்க. உள்ள வாங்க. ஒக்காருங்க."

தம்பி மகளிடம் 'ங்க' போட்டு. பிளாஸ்டிக் கதிரையைத் துண்டால் துடைத்துப் போட்டாள். சோடா வந்தது, பிஸ்கட் வந்தது. எனக்குப் பிளேன்டீ, அவளுக்குச் சோடா. அதிலேயே விஷயம் விளங்கியிருக்க வேண்டும். எனக்குப் பெருமையில் ஒன்றும் விளங்கவில்லை.

கொஞ்ச நேரத்தில் பக்கத்துக் காம்பரா முனியம்மா வந்து கதவோரம் நின்றாள். வாய்க்காரி.

"மிஸ், கூரைத் தகரத்துக்கு எழுதிக்கிட்டுப் போனாங்களே, அது எப்பங்க வரும்?"

மகள் தடுமாறிப்போய், "மன்னிக்கவும். அதைப் பற்றி என்னிடம் தகவல் எதுவும் இல்லை" என்றாள்.

முனியம்மா பின்னால் நின்றவர்களைப் பார்த்துத் திரும்பினாள். "நான் சொன்னேன்ல. எல்லா ஆபீஸும் இதத்தான் சொல்லும்."

4

தோட்டத்தில் முழு எழுத்துத் தமிழ் பேசிக்கொண்டு படியேறி வருகிறவர்கள் யார் என்று உங்களுக்குத் தெரியும். கணக்கெடுக்க வருகிறவர், ஏதோ திட்டம் என்று சொல்லிப் படம் பிடிக்க வருகிறவர், கொழும்பிலிருந்து கூட்டம் வைக்க வருகிறவர். அவர்களுக்குப் பதில் சொல்ல நம்மிடம் ஒரு முறை உண்டு. கூரை ஒழுகினால் சொல்லுவோம். உடம்பில் ஒழுகினால் சொல்ல மாட்டோம். முடியவில்லை என்று மேற்பார்வை பார்க்கும் கண்டாக்கிடம் வாயை விட்டால் நாளைக்கு வேலை இல்லை என்று பயந்த காலத்துப் பழக்கம். பயம் குறைந்துவிட்டது, பழக்கம் குறையவில்லை. காய்ச்சலில் நடுங்கிக்கொண்டே என் அம்மா, "சொகமா இருக்கேங்க" என்று ஒரு கோட்டுப் போட்ட மனிதரிடம் சொன்னபோது, நான் பக்கத்தில் அவள் சேலையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அவர் டிக் போட்டுக்கொண்டு அடுத்த வாசலுக்குப் போனார்.

அக்காவின் வலது காலில் மட்டும் ஒரு சாக்ஸ் இருந்தது. மழைக்காலம், மூடுபனி, குளிர். நான் அதைப் பெரிதாக எடுக்கவில்லை.

"அப்பா, ஒரு காலுக்கு மட்டுமா குளிரும்?" என்று மகள் கேட்டாள்.

மறுநாள் தண்ணீர் பிடிக்கும் பீலியடியில் என்னை ஓரமாக இழுத்தாள். அவசரம் என்றால் அவள் பின்லாந்துப் பாஷைக்குத் தாவிவிடுவாள். அதில் சொன்னாள்: "அந்தக் கால் நாறுகிறது. முதியோர் விடுதியில் பயிற்சி எடுத்தபோது இந்த வாடையைப் பார்த்திருக்கிறேன். அத்தைக்குச் சீனி வியாதி இருக்கிறதா?"

இருக்கிறது என்று எனக்கே அப்போதுதான் ஞாபகம் வந்தது. "கொஞ்சமா இருக்காம்" என்று எப்போதோ போனில் சொன்னாள். அதற்குப் பிறகு மழை பற்றிப் பேசியிருப்போம்.

"விட்டால் விரலிலிருந்து பாதத்துக்கு ஏறும், அங்கிருந்து முழங்காலுக்கு ஏறும். விடக்கூடாது."

நான் அக்காவிடம் போனேன். "காலில் என்ன அக்கா?"

"ஒன்னுமில்ல தம்பி. குளிருக்குப் போட்டிருக்கேன்."

"கழற்று பார்ப்போம்."

"வந்ததே நாலு நாளைக்கு. சாப்புட்டமா, இருந்தமான்னு போவியா."

பிறகு மகள் கேட்டாள். பக்கத்தில் குந்தி உட்கார்ந்து, மிகவும் மரியாதையாக, ஓர் எழுத்தும் விழாமல் கேட்டாள். "அத்தை, உங்கள் காலில் காயம் ஏதேனும் இருக்கிறதா? வலி இருக்கிறதா?"

அக்கா எழுந்து நின்று பதில் சொன்னாள். அந்தக் காலில் எழுந்து நின்று.

"இல்லீங்க. சொகமா இருக்கேங்க."

5

"உங்கள் தமிழ் அவரை எழுந்து நிற்க வைக்கிறது" என்றாள் மகள். கோபமாகச் சொல்லவில்லை. காய்ச்சல் எத்தனை பாகை என்று சொல்வது போலச் சொன்னாள். "எனக்கு இங்கே பேசுகிற தமிழ் வேண்டும். சீக்கிரம் வேண்டும்."

"அது தேய்ந்துபோன தமிழம்மா. பெயர் என்பது சொல். பேரு என்பது தேய்வு."

இதை நிரூபித்துக் காட்டுகிறேன் என்று போனைத் தட்டினேன். சிக்னல் வருகிற ஒரே கல்லின் மேல் ஏறி நின்று, மழையில் குடை பிடித்துக்கொண்டு தேடினேன். சொந்தக் காலில் கல்லைப் போட்டுக்கொள்ள இவ்வளவு தூரம் ஏறியவன் நானாகத்தான் இருப்பேன். பகுதி என்பதுதான் தேய்ந்து பாதி ஆனதாம். மிகுதி தேய்ந்து மீதி. பொழுது தேய்ந்து போது. நடுவில் நின்ற எழுத்து விழ, அதன் நேரத்தை முன்னால் இருந்த உயிரெழுத்து வாங்கிக்கொண்டு நெடிலாகியிருக்கிறது. பெயர் பேரு ஆனதும் இதே வழியில்தான். சொல்லின் கடைசியில் வரும் 'ஐ' குறுகும் என்று பழைய இலக்கணக்காரர்களே பெயர் வைத்து, பாய் போட்டு உட்கார வைத்திருக்கிறார்கள். பத்திரிகையிலும் மேடையிலும் கூச்சமில்லாமல் உட்கார்ந்திருக்கும் இந்தப் பாதியும் மீதியும் யாரோ ஒரு காலத்துத் தோட்டக்காட்டு வாய் செய்த வேலைதான். அந்த வாய்க்கு வயதாகிவிட்டதால் இப்போது மரியாதை.

தோல்வியை ஒளித்துவைக்கத் தெரியாத ஆள் நான். அவளிடமே காட்டினேன்.

வாசித்துவிட்டு, "மெ ஓன், அப்பா" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள்.

அன்றிலிருந்து விடியற்காலையில் எழும்பிப் பெண்களோடு பீலிக்குப் போனாள், பெரட்டுக்குப் போனாள், மலைக்கும் போனாள். கூடையை நெற்றியில் மாட்டிக்கொண்டு நடந்ததில் கழுத்துப் பிடித்துக்கொண்டது. போகும்போதும் வரும்போதும் யார் எதைச் சொன்னாலும் வாய்க்குள் ஒரு தரம் சொல்லிப் பார்ப்பாள். கடைசி எழுத்துகள்தான் அவளுக்குச் சிரமம். 'மரம்' என்று உதட்டை மூடி முடிப்பாள்.

"வாய மூடாதீங்க மிஸ்" என்பாள் முனியம்மா. "மூடுனா அது ரேடியோ. மூக்குல விட்ருங்க."

"மரோ..."

"ம்ம், இப்ப ஒரு கன்னு மொளைச்சிருக்கு. மரமாக இன்னும் கொஞ்ச நாளாகும்."

பெண்கள் சிரிப்பார்கள். அவளும் சிரிப்பாள், ஆனால் விட மாட்டாள். 'வந்தேன்' என்பதன் கடைசி 'ன்' மூக்குக்குள் போய் ஒளிவதற்கு அவளுக்கு ஒரு வாரம் பிடித்தது.

எல்லாரும் அவளோடு சகஜமாகிவிட்டார்கள், அக்காவைத் தவிர. "அத்த, தண்ணி நான் தூக்குறேன்" என்று மகள் சொன்னால், "வேணாங்க, நீங்க இருங்க" என்பாள். முதல் நாள் வாசலில் விழுந்த அந்த 'ங்க' அப்படியே நின்றது. சாக்ஸும் கழலவில்லை. அக்கா இப்போது நொண்ட ஆரம்பித்திருந்தாள். என் லீவு முடிய இன்னும் நாலைந்து நாள்தான் இருந்தது.

6

ஒரு பின்னேரம் மகளுக்கு மலை லீவு. நானும் அவளும் ரோட்டோரம், கொழுந்து நிறுக்கும் மடுவத்தில் நின்றோம். மழை வரப் பார்த்ததால் லொறி முன்கூட்டியே வந்துவிட்டது. பெண்கள் இறங்கி வந்து வரிசையில் நின்றார்கள். அக்கா இல்லை. காலை இழுத்துக்கொண்டு நடப்பதால் பின்தங்கி, பள்ளத்துக்கு அந்தப் பக்கத்து மலையில் இருந்தாள். நடுவில் பனி வெள்ளையாக இறங்கியிருந்தது. லொறி போய்விட்டால் அன்றைக்கு எடுத்த கொழுந்து வீண்.

"கூப்புடுங்க மிஸ், ஒங்க அத்தைய" என்றாள் முனியம்மா. "எனக்குத் தொண்ட கட்டிப் போச்சு."

மகள் கையைக் குவித்து, "அத்த" என்றாள். அது முதல் தேயிலைச் செடியிலேயே விழுந்துவிட்டது.

மலைக்கு மலை கூப்பிடுவது எப்படி என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. மெய்யெழுத்துக்குக் கால் இல்லை. பள்ளத்தில் இறங்கினால் ஏறாது. உயிரெழுத்து மட்டும்தான் அந்தப் பக்கம் போய்ச் சேரும், அதுவும் நீட்டினால்தான். செல்வம் 'செல்வோஓஓ' ஆவதும் ராணி 'ராணீஈஈ' ஆவதும் அதனால்தான். இதை அவளுக்கு எடுத்துச் சொல்ல நான் தொண்டையைக் கனைத்தேன். அவள் என்னைப் பார்க்கவேயில்லை. ரோட்டு விளிம்புக்குப் போய்க் காலை அகட்டி நின்று, வயிற்றிலிருந்து எடுத்தாள்.

"அத்தேஏஏஏ... லொறி வந்திருச்சூஊஊ..."

பனிக்குள்ளிருந்து பதில் வந்தது.

"என்னாடீஈஈஈ..."

பனியில் அக்காவுக்கு மகளின் குளிர் ஜாக்கெட் தெரியவில்லை, துடைத்துப் போட்ட கதிரையும் தெரியவில்லை. கூப்பிடுகிற ஒரு பெண் குரல் மட்டும்தான் போயிருக்கிறது. யார் கூப்பிட்டாலும் அந்தத் தூரத்துக்கு 'ங்க' போட்டுப் பதில் சொல்ல முடியாது. அது பக்கத்தில் நிற்பவருக்கு உள்ள சாமான். பள்ளத்தைத் தாண்டாது.

அக்கா நொண்டிக்கொண்டு வந்து, கொழுந்தைக் கொட்டி, நிறுத்து முடித்த பிறகுதான் சுற்றிப் பார்த்தாள்.

"நீங்களா கூப்..." என்று ஆரம்பித்து நிறுத்தினாள். "நீயாடி கூப்புட்ட?"

"ஆமா அத்த."

"தொண்ட கிழிஞ்சிருக்குமேடி."

"கிழிஞ்சாத் தச்சுக்கலாம்."

அக்கா சிரித்துக்கொண்டே ரோட்டோரக் கல்லில் உட்கார்ந்தாள். மகள் கீழே, ஈரத் தரையில், அவள் காலடியில் உட்கார்ந்தாள்.

"காலு நோவுதா அத்த?"

நான் குடையோடு நின்றேன். அக்கா என்னைப் பார்த்தாள், லொறியைப் பார்த்தாள், பிறகு மகளைப் பார்த்தாள்.

"நோவுதுடி" என்றாள். "படுத்தா ஒறக்கம் வரல. அப்புடி நோவுது."

சாக்ஸை அவளே கழற்றினாள். இரண்டு விரல் கறுத்திருந்தது.

"மேல லயத்து ராமையா அண்ணன் ரெண்டு காலோட ஆஸ்பத்திரிக்குப் போனாரு. ஒத்தக் காலோட கொண்டாந்து எறக்குனாங்க. நான் அப்புறம் எப்புடி மலைக்குப் போவேன்? யாருகிட்டப் போய்க் கையேந்துவேன்?"

"இப்பப் போனா வெரலு. இன்னும் விட்டாக் காலு" என்றாள் மகள். "நீ எத வெச்சுக்கப் போற?"

'நீ' என்றுதான் சொன்னாள். நான் திடுக்கிட்டேன், அக்கா திடுக்கிடவில்லை.

"வெட்ட வந்தா?"

"நான் பக்கத்துலயே இருப்பேன். ஒவ்வொன்னுக்கும் கேள்வி கேப்பேன். கேக்காம ஒன்னைய ஒருத்தனும் தொட முடியாது."

"அங்கல்லாம் பெரிய டாக்டருங்கடி. எந்தத் தமிழ்ல கேப்ப?"

மகள் என் பக்கம் தலையை ஆட்டினாள். "அதுக்குத்தான் அப்பா தமிழு."

7

மறுநாள் விடிந்ததும் நுவரெலியாவில் ஆஸ்பத்திரி வரிசையில் நின்றோம். நம்பர் துண்டு எடுக்க ஒரு ஜன்னல், அதில் முத்திரை வாங்க இன்னொரு ஜன்னல், முத்திரை சரியா என்று பார்க்க மூன்றாவது ஜன்னல். பின்லாந்திலும் இப்படித்தான், அங்கே ஜன்னலுக்குப் பதில் கம்ப்யூட்டர் திரை. ஜன்னலில் இருந்தவரிடம் சிங்களத்தில் நன்றி சொல்ல வாயைத் திறந்தேன், "கீதோஸ்" என்று பின்லாந்து நன்றி வந்தது. அவர் "மொகத?" என்றார். நான் தமிழில் மன்னிப்புக் கேட்டேன். பாஷை மூன்று இருந்தும் ஒரு துண்டு எடுக்க முடியவில்லை. மகள் என்னைத் தள்ளிவிட்டு, விரலைக் காட்டி, சிரித்து, எடுத்துக்கொண்டு வந்தாள்.

டாக்டர் சின்ன வயதுக்காரர், தமிழர். "வலி ஏதும் இருக்கிறதா அம்மா?" என்று கேட்டார்.

அக்கா கதிரையிலிருந்து எழும்பப் பார்த்தாள். "இல்லீங்க ஐயா, சொகமா..."

"அத்தே" என்றாள் மகள், மெதுவாக.

அக்கா திரும்ப உட்கார்ந்தாள். "இருக்குங்க. நெறைய இருக்குங்க."

அதற்குப் பிறகு மகள் பேசினாள். சீனி அளவு எவ்வளவு, இரத்தவோட்டம் எந்த இடம் வரை இருக்கிறது, எதை எடுப்பது கட்டாயம், எதை எடுக்காமல் முயன்று பார்க்கலாம். என்னிடம் கற்ற தமிழில், ஓர் உயிரெழுத்தும் குறுகாமல் கேட்டாள். டாக்டர் நிமிர்ந்து உட்கார்ந்தார். "நீங்கள் எந்த அலுவலகத்திலிருந்து வருகிறீர்கள்?" என்று கேட்டார்.

"இவருடைய தம்பியின் மகள்" என்றாள்.

இரண்டு விரல் போனது. கால் நின்றது. ஒன்று விழுந்தால் மற்றது தாங்கும் என்று இதை வைத்து ஓர் உவமை சொல்ல எனக்கு வாய் துறுதுறுத்தது. மகள் பார்த்த பார்வையில் அடக்கிக்கொண்டேன்.

8

லீவு முடிந்து நான் திரும்பி வந்தேன். மகள் கோடை முடியும்வரை அங்கேயே இருந்தாள். புண்ணைக் கழுவிக் கட்டினாள், சீனியை எழுதி வைத்தாள், களவாக மலைக்குக் கிளம்பிய அக்காவோடு தினமும் சண்டை பிடித்தாள். "ஒன் மக என்னைய லயத்துலயே அடைச்சு வெச்சிருக்கா" என்று முனியம்மாவின் போனில் எனக்கு முறைப்பாடு வந்தது. அங்கே அவள் மலர்விழி இல்லை, மல்லாவும் இல்லை. மலரு. அந்த வாய்க்குக் கதவு சாத்தினாற்போல் 'ர்' என்று ஒரு பெயர் முடிவது பிடிக்காது, ஓர் உயிரெழுத்தைப் போட்டுத் திறந்து வைத்துவிடும்.

திரும்பி வந்த அன்றைக்கு வாசலில் செருப்பைக் கழற்றும்போதே, "அம்மா, பசிக்குது" என்றாள். சரசு என்னைத் திரும்பிப் பார்த்தாள். நான் சுவரைப் பார்த்தேன். சட்டம் அந்த இடத்திலேயே முடிந்துவிட்டது. எனக்கு யாரும் அறிவிக்கக்கூட இல்லை.

போன ஞாயிற்றுக்கிழமை வழக்கம்போல ஊருக்குப் போன் எடுத்தேன்.

"அக்கா, சுகமாக இருக்கிறாயா? கால் எப்படி இருக்கிறது?"

"சொகமா இருக்கேன் தம்பி. காலுக்கு ஒன்னுமில்ல."

எனக்கு ஏதோ உறுத்தியது. "உண்மையாகவா?" என்று கேட்டேன்.

போனில் லயத்துக் கூரையில் மழை விழுவது கேட்டது. பிறகு அக்கா சொன்னாள்:

"நீ கேட்டா கணக்கெடுக்க வந்தவன் கேக்குற மாதிரியே இருக்குடா. மலருகிட்டப் போனக் குடு."